ஒரு கேமரா, ஒரு காய்ச்சும் நாள்: ஜப்பானின் கிராஃப்ட் பீரைப் படமெடுக்கும் வேலை பற்றிய நிகழ்வு ஆய்வு

ஜப்பானில் கிராஃப்ட் பீர் காய்ச்சும் சின்னக் கூடங்களான ப்ரூவரிகளைப் படமெடுக்கப் போகிறவர்கள் பெரும்பாலும் ஒரே மாதிரியான காட்சிகளோடு திரும்புகிறார்கள். கோயில் வாசல், நியான் விளக்குச் சந்து, கொதிகலனிலிருந்து எழும் ஆவி, கண்ணாடியில் ஏறும் நுரை. பார்க்க நன்றாகத்தான் இருக்கும். ஆனால் இந்த வீட்டுக்காரர்கள் ஏன் பீர் காய்ச்ச வந்தார்கள், இந்த ஊரில் ஏன், அந்த வருஷத்தில் ஏன் என்று கேட்டால் படம் வாய் திறக்காது.

இங்கே ஆராய்வது வெளிவந்த ஒரு படத்தை அல்ல, அந்த வகைப் படத்தின் வேலையை. ஆள் ஒருவர், கேமரா ஒன்று, உடன் ஒரு மொழிபெயர்ப்பாளர், 14 நாள். இடங்கள் இரண்டு. ஒன்று டோக்கியோவுக்கு வடகிழக்கே இபாராகி மாநிலத்தின் நாகா நகரில் இருக்கும் கியுச்சி ப்ரூவரி. ஹிட்டாச்சினோ நெஸ்ட் என்ற ஆந்தைப் படம் போட்ட பீர் இங்கிருந்துதான் வருகிறது. மற்றொன்று ஒசாக்காவுக்கு வடக்கே மினோ நகரின் மினோ பீர். இவற்றை எடுத்துக்கொண்டதற்குக் காரணம் உண்டு. முதலாவது 1823இல் தொடங்கிய, சாகே என்ற அரிசி மது காய்ச்சும் வீடு, பீருக்கு வந்தது 1996இல். இரண்டாவது 1997இல் ஒரு மதுக்கடைக்காரர் தொடங்கி மகள்கள் கையில் வளர்ந்தது. வேர் வேறு என்றாலும் இரண்டும் முளைத்தது ஒரே மழையில்.

அந்த மழை 1994ஆம் ஆண்டின் வரிச்சட்டத் திருத்தம். அதுவரை பீர் உரிமம் வேண்டுமென்றால் வருஷத்துக்குக் குறைந்தது 2,000 கிலோலிட்டர் காய்ச்ச வேண்டும். பெரிய கம்பெனிகளைத் தவிர யாரும் கிட்டே போக முடியாத அளவு அது. திருத்தம் அதை 60 கிலோலிட்டருக்கு இறக்கியது. நாள் கணக்கில் பார்த்தால் சுமார் 164 லிட்டர். 633 மில்லி பெரிய பாட்டிலில் அடைத்தால் வருஷத்துக்கு ஏறக்குறைய 95,000 பாட்டில். 1995 பிப்ரவரியில் நீகாட்டாவில் எச்சிகோ பீர் முதலாவதாகக் கதவு திறந்தது. அடுத்த சில வருஷங்களில் ஊருக்கு ஊர் ‘ஜிபீரு’, அதாவது உள்ளூர் பீர், என்ற பெயரில் 300 அளவுக்கு ப்ரூவரிகள் முளைத்தன. பலவும் சுற்றுலாப் பயணிக்கு விற்கும் நினைவுப்பொருள் போலத்தான் இருந்தன. விலை அதிகம், தரம் சீரில்லை. 2000ஐ ஒட்டி அந்த அலை வடிந்தது. தாக்குப்பிடித்தவர்கள்தான் இன்று ‘கிராஃப்ட் பீர்’ என்ற சொல்லின் கீழ் நிற்கிறார்கள்.

சாகே வீட்டுக்கு இதில் தனிக் கணக்கு ஒன்று இருந்தது. சாகே குளிர்கால வேலை. அரிசி அறுவடைக்குப் பிறகு ‘தோஜி’ எனப்படும் தலைமைக் காய்ச்சாளர் தன் ஆட்களோடு வந்து தங்குவார், வசந்தத்தில் ஊர் திரும்புவார். கோடையில் கூடம் சும்மா கிடக்கும். சாகே குடிப்பவர்களோ வருஷா வருஷம் குறைந்துகொண்டே வந்தார்கள். கோடையில் விற்பதும் வருஷம் முழுக்கக் காய்ச்சக்கூடியதுமான சரக்கு பீர். தண்ணீர் இருக்கிறது, நொதித்தல் தெரிந்த கை இருக்கிறது, மதுக்கடைகளோடு பழைய உறவும் இருக்கிறது. படத்தில் ‘ஜப்பானியப் பண்பாடு’ என்று தனியாகத் தேடவேண்டியதில்லை. அது இந்தக் கணக்கிலேயே உட்கார்ந்திருக்கிறது. கோயில் வாசலை வெட்டிவிட்டு, காலியாகக் கிடக்கும் சாகே தொட்டிக்கு எதிரே பீர் தொட்டி நிற்பதைக் காட்டினால் போதும்.

அனுமதிக் கடிதம்

ஜப்பானில் நேரில் போய்ப் பேசிக்கொள்ளலாம் என்ற நம்பிக்கை உதவாது. ‘கிகாகுஷோ’ என்ற திட்டக் கடிதம் வேண்டும். ஜப்பானிய மொழியில், இரண்டு பக்கத்துக்கு மிகாமல், 6 முதல் 8 வாரம் முன்னதாக அனுப்ப வேண்டும். எத்தனை பேர், எந்தத் தேதி, எத்தனை மணிக்கு உள்ளே வந்து எப்போது வெளியேறுவது, என்ன கருவி, தரையில் எவ்வளவு இடம் பிடிக்கும், படம் எங்கே வெளியாகும், எதைப் படமெடுக்க மாட்டோம், எல்லாம் அதில் இருக்க வேண்டும். பலர் விட்டுவிடுவது அந்தக் கடைசி வரியைத்தான். ப்ரூவர் முதலில் தேடுவதும் அதையே.

‘கென்டோ ஷிமாஸ்’ (பரிசீலிக்கிறோம்) என்று பதில் வந்தால் பெரும்பாலும் இல்லை என்று அர்த்தம். மறுபடி துரத்தக் கூடாது. தேதியைத் தள்ளிப்போட நாங்கள் தயார் என்று ஒரே ஒரு கடிதம் எழுதிவிட்டுக் காத்திருக்கலாம்.

உள்ளே நுழையும் அன்று கையில் ஒரு பெட்டி இனிப்பு, தனித்தனியாக உறையிட்டது, வேலை செய்கிறவர்களின் எண்ணிக்கைக்கு ஐந்தாறு கூடுதலாக. ரப்பர் பூட்ஸ் அவர்களே தருவார்கள். ஆனால் ஜப்பானில் அளவு சென்டிமீட்டரில். 28க்கு மேல் அலமாரியில் கிடைப்பது அரிது. பெரிய கால் உள்ளவர் புத்தம்புது பூட்ஸ் ஒன்றைத் தானே கொண்டுபோக வேண்டும். வயலிலோ மாட்டுக்கொட்டிலிலோ போட்ட பூட்ஸ் ஆகாது.

இன்னொன்று காலை உணவு. கியுச்சி போன்ற சாகே வீட்டில் கோஜி அறையையும் (அரிசியில் பூஞ்சை வளர்க்கும் அறை) எடுக்கப்போகிறீர்கள் என்றால் அன்று நட்டோ சாப்பிடக் கூடாது. நொதித்த சோயா மொச்சையான நட்டோவில் இருக்கும் பாக்டீரியாவின் வித்துகள் சூட்டுக்கும் சாவதில்லை. 30 டிகிரிக்கு மேல் ஈரமாக வைக்கப்படும் கோஜி அரிசியில் ஏறிவிட்டால் அந்தத் தட்டு முழுக்க வழவழத்துப் போகும். சின்ன ஹோட்டல்களின் இலவசக் காலை உணவில் நட்டோ டப்பா கட்டாயம் இருக்கும். இபாராகியோ நட்டோவுக்குப் பேர்போன மாநிலம். உங்களிடம் யாரும் கேட்கமாட்டார்கள், சாப்பிட்டிருக்கமாட்டீர்கள் என்று நம்புவார்கள். ஹாப்ஸும் (கசப்பும் வாசமும் தரும் பூ) அமிலத்தன்மையும் காக்கும் பீர் பக்கத்தில் இந்தப் பயம் குறைவு. ஆனாலும் இரண்டும் ஒரே வளாகத்தில் இருக்கும்போது கட்டுப்பாடு ஒன்றுதான்.

மின்சாரம் இரண்டு நாடு

ஜப்பானின் கிழக்குப் பாதியில் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், மேற்குப் பாதியில் 60. 1890களில் டோக்கியோ ஜெர்மன் ஜெனரேட்டர்களை வாங்கியது, ஒசாக்கா அமெரிக்க ஜெனரேட்டர்களை வாங்கியது. அந்தக் கொள்முதலின் தழும்பு இன்றும் மாறவில்லை. ஷிசுவோக்காவின் ஃபூஜி ஆறும் நீகாட்டாவின் இத்தோயிகாவாவும்தான் கோடு. நம் கேமராக்காரருக்கு இது நேரடிச் செலவு. இந்தியாவிலும் இலங்கையிலும் 50 ஹெர்ட்ஸ் என்பதால் கேமரா விநாடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் 1/50 விநாடி என்று அமைத்தபடியே போகும். இபாராகியில் எல்லாம் சரியாக வரும். ஷின்கான்சென் அதிவேக ரயில் ஏறி ஒசாக்கா போய் அதே அமைப்பில் எடுத்தால் தொட்டி அறையின் குழல்விளக்குகளுக்குக் கீழே படம் முழுக்கக் கோடு ஓடும்.

காரணம் எளிது. மேற்கில் விளக்கு மின்சாரத்தின் ஒரு சுற்றுக்கு இரண்டு முறை, அதாவது விநாடிக்கு 120 முறை துடிக்கிறது. 1/50 விநாடிக்குள் 2.4 துடிப்பு வருகிறது, அதாவது ஒரு ஃபிரேமுக்கும் அடுத்ததற்கும் வெளிச்சம் ஒன்றாக இருக்காது. 1/60 வைத்தால் சரியாக 2 துடிப்பு. ஃபிரேம் எண்ணிக்கையை மாற்றவேண்டாம், ஷட்டரை மட்டும் மாற்றினால் போதும். கிழக்கில் 1/50 அல்லது 1/100, மேற்கில் 1/60 அல்லது 1/120. கோணத்தில் ஷட்டர் வைக்கும் கேமராவில் 24 ஃபிரேமுக்கு கிழக்கில் 172.8 டிகிரி, மேற்கில் 144. கேமராவின் சின்னத் திரையில் இந்த ஓட்டம் தெரியாமல் தப்பிவிடும். அறைக்குள் நுழைந்ததும் வெள்ளைச் சுவரை 10 விநாடி எடுத்துப் பெரிதாக்கிப் பார்ப்பது நல்லது.

மெதுவோட்டத்தில் இது இன்னும் கடுமை. நுரை ஏறுவதை 120 ஃபிரேமில் எடுக்க எல்லோருக்கும் ஆசை. இபாராகியில் அது படபடக்கும். அங்கே 100 ஃபிரேம், ஒசாக்காவில் 120. அப்போதுதான் ஒவ்வொரு ஃபிரேமும் ஒளித்துடிப்பின் ஒரே கட்டத்தில் விழும். இதெல்லாம் வேண்டாம் என்றால் பேட்டரியில் ஓடும் துடிப்பில்லாத சின்ன எல்.இ.டி. பலகை ஒன்றை எடுத்துப்போய் மற்ற விளக்கை அணைத்துவிட்டு எடுக்கலாம். சுவர் மின்சாரம் 100 வோல்ட். சார்ஜர்கள் சமாளித்துக்கொள்ளும், 230 வோல்ட்டுக்கு மட்டும் செய்த விளக்கு மினுக்கென்றுதான் எரியும்.

வயர்லெஸ் மைக் விஷயத்தில் சட்டமே குறுக்கே நிற்கும். வெளிநாட்டில் வாங்கிய யு.எச்.எஃப். செட்டுகளில் பெரும்பாலானவற்றை ஜப்பானில் இயக்க முடியாது. உரிமம் இல்லாமல் பயன்படுத்த 806 முதல் 810 மெகாஹெர்ட்ஸ் பட்டையும், ‘கிதேக்கி’ என்ற தொழில்நுட்பத் தகுதி முத்திரை உள்ள 2.4 கிகாஹெர்ட்ஸ் கருவிகளும் உண்டு. இதைவிட உருப்படியான வழி, ப்ரூவரின் சட்டைப்பையில் ஒரு சின்ன ரெக்கார்டரைப் போட்டுவிட்டுக் காலையில் ஒருமுறை கைதட்டி ஒத்திசைவு எடுத்துக்கொள்வது. துருப்பிடிக்காத எஃகுத் தொட்டிகளுக்கு நடுவே ரேடியோ அலை எப்படியும் தடுமாறத்தான் செய்யும். 100 கிராமும் அதற்கு மேலும் எடையுள்ள ட்ரோனுக்கு 2022 ஜூன் முதல் பதிவு கட்டாயம். ப்ரூவரிக் கூரையை மேலிருந்து காட்டுவதால் படத்துக்கு என்ன கிடைக்கும் என்று யோசித்தால் அந்தத் தலைவலியே வேண்டாம்.

காய்ச்சும் நாள்

14 நாளில் உண்மையில் முக்கியமானது ஒரு நாள். பீர் பெரும்பாலும் கண்ணுக்குத் தெரியாமல் நடக்கும் வேலை. மூன்று நான்கு வாரத்தில், மூடிய தொட்டிக்குள் ஈஸ்ட் சர்க்கரையைத் தின்றுகொண்டிருப்பதுதான் பெரும்பகுதி. படமெடுக்கக் கிடைப்பது முதல் நாளின் ஏழெட்டு மணி நேரம். மற்ற நாட்களை எப்படியும் ஈடுசெய்யலாம். இந்த நாளைத் தவறவிட்டால் அடுத்த காய்ச்சல் வரும்வரை காத்திருக்க வேண்டும்.

1,000 லிட்டர் காய்ச்சும் சின்னக் கூடத்தை வைத்துச் சொல்வோம். 5 சதவீத ஆல்கஹால் பீருக்கு சுமார் 200 கிலோ மால்ட் (முளைகட்டி உலர்த்திய பார்லி), அதாவது 25 கிலோ மூட்டை எட்டு. அரைப்பது முந்தைய நாளோ அதிகாலையிலோ நடக்கும். மாவுத் தூசி கேமராவின் காற்றுத் துளைகளுக்குள் போய்ப் பிறகு ஈரத்தில் பசையாகிவிடும். அரவை அறையில் லென்ஸ் மாற்றக் கூடாது, விசிறி ஓடும் கேமரா என்றால் வாசலுக்கு வெளியே நின்று நீண்ட லென்ஸில் எடுக்க வேண்டும்.

7 மணிக்கு மால்ட் தண்ணீரில் இறங்கும். கிலோவுக்கு 3 லிட்டர் என்று சுமார் 600 லிட்டர், கலந்தபின் 66 டிகிரியை ஒட்டி ஒரு மணி நேரம். அன்றைய முதல் நல்ல காட்சி இதுதான்: துடுப்பு போன்ற கோலால் கட்டி உடைப்பது. கூழ் கட்டிய இடத்தில் தண்ணீர் ஏறாது, மாவுச்சத்து சர்க்கரையாகாது, கணக்கிட்ட சர்க்கரை கிடைக்காது. அதனால்தான் அந்தக் கை அவ்வளவு வேகமாக ஓடுகிறது. இதைத் தெரிந்து எடுப்பவர் கோலை எடுப்பதில்லை, கூழின் மேல்தளத்தில் வெள்ளைத் திட்டு மறைவதை எடுக்கிறார். இந்தக் காட்சிக்கு ஐந்து நிமிடம்கூடக் கிடைக்காது.

பிறகு சாறு வடித்தல், 76 டிகிரி வெந்நீர் தெளித்துக் கடைசிச் சர்க்கரையைக் கழுவி எடுத்தல். இரண்டு மணி நேரத்துக்கு மேல் இழுக்கும் இந்த அமைதியான பகுதியில்தான் ப்ரூவர் பேசுவார். பேட்டிக்கென்று நாற்காலி போட்டு உட்காரவைப்பதைவிட, வடியும் சாற்றின் நிறத்தைக் கண்ணாடியில் பார்த்தபடி அவர் சொல்லும் நாலு வார்த்தை மேல். சப்தம்தான் சிக்கல். தொட்டிகளைக் குளிர்விக்கும் இயந்திரத்தின் உறுமல் எங்கும் கேட்கும். அதை நிறுத்தச் சொல்லிக் கேட்கவே கூடாது. அடுத்த அறையில் வேறொரு பீர் நொதித்துக்கொண்டிருக்கும், அதன் சூடு ஏறினால் சுவை கெடும். கம்ப்ரஸர் ஓய்வெடுக்கும் இடைவெளியைக் கவனித்து அதற்குள் கேள்வியை முடிக்கலாம். ஒவ்வொரு அறையிலும் யாரும் பேசாத இரண்டு நிமிட வெற்றுச் சப்தமும் எடுத்து வைக்க வேண்டும், எடிட்டில் ஒட்டுப்போட அதுதான் துணி.

கொதி பிடிக்கும் நேரம் ஆபத்தான நேரம். சாற்றிலுள்ள புரதம் திரண்டு முதல் பத்து நிமிடத்தில் நுரை பொங்கும். அதே சமயம் கசப்புக்கான ஹாப்ஸ் விழும்போது இன்னொரு முறை பொங்கும். பாலைப் பொங்கவிட்டவர்களுக்குத் தெரியும், ஒரு கணம் திரும்பினால் அடுப்பு முழுக்க. இங்கே அது நூற்றுக்கணக்கான லிட்டர். ஆள்துளை மூடியின் விளிம்பில் கேமராவை நீட்டுவது கையையும் லென்ஸையும் சேர்த்துப் பணயம் வைப்பது. ஒன்றரை மீட்டர் தள்ளி, ஆவி போகும் திசைக்கு எதிர்ப்பக்கம் நின்று, வெளிச்சம் ஆவிக்குப் பின்னாலிருந்து வரும்படி பார்த்துக்கொண்டால் ஆவி தானே உருவம் கொள்ளும். முன்வெளிச்சத்தில் அது வெறும் வெள்ளைப் புகைதான்.

லென்ஸ் வேர்ப்பதைப் பற்றி ஒன்று. 2 டிகிரி குளிரறையிலிருந்து ஆவி நிறைந்த கொதிகூடத்துக்கு வந்தால் லென்ஸ் மட்டுமல்ல, உள்ளே சென்சாரின் முகமும் பனிக்கும். துடைக்கத் துடைக்க வரும். சூட்டிலிருந்து குளிருக்குப் போனால் பனிக்காது. எனவே வரிசையை அதற்கேற்ப வைக்க வேண்டும்: முதலில் கொதிகூடம், கடைசியில் குளிரறை. மாற்ற முடியாத அவசரம் என்றால் குளிரறையிலேயே கேமராவைக் காற்றுப் புகாத பையில் போட்டு மூடி, வெளியே 40 நிமிடம் அப்படியே விட வேண்டும். பனி பைக்கு வெளியே படியும். பொறுமை இல்லாமல் பையைத் திறந்து பார்ப்பதுதான் வழக்கமான தவறு.

மதியத்தையொட்டிச் சாறு 20 டிகிரிக்குக் குளிர்ந்து தொட்டிக்குப் போய் ஈஸ்ட் சேரும். ப்ரூவர் பொறுப்பு அங்கே முடிவதில்லை, கழுவல் தொடங்குகிறது. காஸ்டிக் சோடா கரைசல் 70 டிகிரிக்கு மேல் குழாய்களில் சுழலும். அழுத்தத்தில் இருக்கும் ஹோஸுக்குப் பக்கத்தில் பாதுகாப்புக் கண்ணாடி போடாமல் நிற்கக் கூடாது. லென்ஸின் பூச்சுக்கும் காஸ்டிக் ஆகாது, தண்ணீரில் நனைத்த துணியால் உடனே ஒற்றி எடுக்க வேண்டும். வெந்து போன மால்ட் சக்கையை மண்வெட்டியால் வாரி வெளியே தள்ளுவதும் இந்தத் துப்புரவில் சேர்த்தி. ஈரத்தோடு அது போட்ட மால்ட்டைவிடக் கூடவே எடை இருக்கும். படத்தில் உழைப்பைக் காட்ட இதைவிட நேர்மையான காட்சி கிடையாது. முதுகு வளைவதும், மூக்கில் வழியும் வியர்வையும், ஆவி பறக்கும் சக்கையும். அதைப் பெரும்பாலோர் எடுப்பதில்லை. மதியச் சாப்பாட்டுக்குப் போய்விடுகிறார்கள்.

‘இன்னொரு முறை செய்யுங்களேன்’ என்ற வாக்கியத்தை அன்று முழுக்க எங்கே சொல்லலாம், எங்கே கூடாது என்பது தெரிந்திருக்க வேண்டும். வால்வு திருகுவது, மாதிரிக் கண்ணாடியை வெளிச்சத்தில் பிடிப்பது, தரை கழுவுவது, லேபிள் ஒட்டுவது எல்லாம் திரும்பச் செய்யக்கூடியவை. மால்ட் இறக்குவது, ஹாப்ஸ் போடுவது, ஈஸ்ட் சேர்ப்பது, நொதித்த பீரைத் திறப்பது இவை ஒருமுறைதான். கடைசியாகச் சொன்னதைத் திரும்பக் கேட்டால் தொட்டிக்குள் ஆக்ஸிஜன் போகும். மூன்று வாரம் கழித்து பீரில் ஈர அட்டைப்பெட்டி வாசனை வரும். படக்காரர் அப்போது ஊரில் இருக்கமாட்டார்.

தொட்டிக்கு மேலே நிற்காதீர்கள்

வாசனைக்காக, நொதித்து முடிந்த அல்லது முடியப்போகும் பீரில் மேலும் ஹாப்ஸ் போடுவது உண்டு. லிட்டருக்கு 4 முதல் 8 கிராம். 1,000 லிட்டருக்கு 5 கிலோ வெள்ளிப் பை ஒன்றோ ஒன்றரையோ. பச்சை உருண்டைகள் தொட்டியின் மேல் வாய்வழியே கொட்டுவதை நேர் மேலிருந்து எடுத்தால் அழகாக இருக்கும் என்றுதான் எல்லோருக்கும் தோன்றும். ஆனால் பீரில் கரைந்து கிடக்கும் கரியமில வாயு, உருண்டைகளின் சொரசொரப்பான மேற்பரப்பைத் தொட்டதும் ஒரே சமயத்தில் குமிழியாகப் பிரியும். சோடாவில் உப்புப் போட்ட கதை. பச்சைக் கூழோடு நுரைத்தூண் வாய்வழியே பீறிட்டுக் கூரையைத் தொட்டதும் உண்டு. ஏணியில் நிற்பவருக்குப் பிடிமானம் போகும், கேமராவுக்கு ஒட்டும் பிசின். அனுபவமுள்ள ப்ரூவர் கொஞ்சம் போட்டு, காத்திருந்து, மீதியைப் போடுவார். கேமரா வாயின் மட்டத்தில், 2 மீட்டர் தள்ளி, பக்கவாட்டில் இருக்கட்டும். கை, பை, வாய் மூன்றும் ஒரே சட்டகத்தில் வருவதும் அங்கிருந்துதான்.

தாழ்வான கோணத்துக்கும் ஓர் எச்சரிக்கை. 1,000 லிட்டர் சாறு நொதிக்கும்போது மொத்தத்தில் ஏறக்குறைய 20 கன மீட்டர் கரியமில வாயு வரும். அது காற்றைவிடக் கனம், தரையோடு படரும், வடிகால் குழியில் தேங்கும். நிற்பவருக்கு ஒன்றும் தெரியாது. தொட்டியின் கூம்பு அடியைக் காட்டத் தரையில் படுத்துக் கேமராவில் கண் வைத்திருப்பவர்தான் முதலில் மயங்குவார். சுவரில் வாயுமானி இருந்தால் அது எந்த உயரத்தில் மாட்டியிருக்கிறது என்று பார்க்க வேண்டும். இல்லாவிட்டால் கேமராவை மட்டும் கீழே வைத்து, திரையை மேலே திருப்பி நின்றபடி எடுக்கலாம். தலைவலி தொடங்கினால் ஷாட் முடியும்வரை பொறுக்காமல் வெளியே வந்துவிட வேண்டும்.

லேபிளில் இருக்கும் கதை

கியுச்சி பீரின் பெயரே படத்துக்கு ஒரு நூல். கூடம் இருக்கும் இடம் கோனோசு. அந்த எழுத்தில் ‘கூடு’ என்ற பொருள் இருக்கிறது. நெஸ்ட் அங்கிருந்து வந்தது. அவர்களுடைய வெள்ளை ஏல் என்ற பீர் ரகத்தில் கொத்தமல்லி விதை, ஆரஞ்சுத் தோல், ஜாதிக்காய். 2018 ஏப்ரல்வரை ஜப்பானியச் சட்டப்படி கொத்தமல்லி விழுந்த கணமே அது பீர் அல்ல, ‘ஹாப்போஷு’ என்ற வேறு ரகம். மால்ட் மூன்றில் இரண்டு பங்குக்குக் குறையக் கூடாது, சட்டம் பட்டியலிட்ட பொருளைத் தவிர வேறு எதுவும் சேரக் கூடாது என்பது பழைய விதி. திருத்தத்துக்குப் பிறகு மால்ட் பாதி இருந்தால் போதும். பழம், மசாலா, மூலிகை ஆகியவை மால்ட் எடையில் 5 சதவீதம்வரை போகலாம். ஆக, 2018க்கு முந்தைய பாட்டில் ஒன்றும் இப்போதைய பாட்டில் ஒன்றும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து லேபிளின் சின்ன எழுத்தை நெருக்கத்தில் எடுத்தால், பத்து நிமிடப் பின்னணிக் குரல் மிச்சம்.

இன்னொரு லேபிள் இன்னும் கனமானது. 2011 மார்ச் 11, பூகம்பம் வந்தபோது கியுச்சியில் காய்ச்சல் பாதியில் இருந்தது. மின்சாரம் போனது. மூன்று நாள் அப்படியே கிடந்த மால்ட் கூழில் லாக்டிக் பாக்டீரியா தானாகப் பிடித்துப் புளித்தது. கொட்டிவிடாமல் அதைக் காய்ச்சி முடித்து ‘3 டேஸ்’ என்ற பெயரில் விற்றார்கள். இந்தக் காட்சியை யாரையாவது வைத்து நடித்துக் காட்டச் சொல்வது கூச்சமில்லாத வேலை. விளக்கை அணைத்து, குளிர்இயந்திரம் ஓய்ந்த இடைவெளியில் அந்தக் கூடத்தின் ஓசையை மட்டும் ஒரு நிமிடம் கேட்கவைத்து, பிறகு பாட்டிலைக் காட்டினால் போதாதா?

மினோவில் தேட வேண்டியது வேறு. அந்த நகரின் மலைப்பகுதி யூசு எலுமிச்சைக்குப் பேர்போனது. ஒட்டுக்கன்றாக இல்லாமல் விதையிலிருந்தே வளர்த்த மரங்கள் அங்கே உண்டு. தோல் சீவும் வேலை குளிர்காலத் தொடக்கத்தில் வரும், ஊர்க்காரர்களும் கைகொடுப்பார்கள். ஹாப்ஸுக்கும் ஒரு சுற்று உண்டு. சப்போரோ நிறுவனம் 1984இல் உருவாக்கிய சோராச்சி ஏஸ் என்ற ரகம் எலுமிச்சை வாசத்துக்காக அமெரிக்க ப்ரூவர்களிடம் பேர் வாங்கியபிறகே ஜப்பானியச் சின்ன ப்ரூவரிகளில் தேடப்பட்டது. கியுச்சியின் நிப்போனியா என்ற பீர் அந்த ஹாப்ஸையும் கனேகோ கோல்டன் என்ற மெய்ஜி காலத்து (1868–1912) பார்லியையும் சேர்த்துச் செய்தது.

மதுக்கடையும் மொழியும்

பீர்க் கடையில் வாடிக்கையாளர் முகம் தெரியக் கூடாது என்பதைக் கடைக்காரர் முதலிலேயே சொல்வார். கை, கண்ணாடி, முதுகு, வாசலில் தொங்கும் நோரென் துணி இவை போதும். ஒருவர் மற்றவருக்கு ஊற்றும்போது பாட்டிலை இரு கையால் பிடிப்பது, வாங்குபவர் கண்ணாடியைச் சற்றுச் சாய்ப்பது, தனக்குத் தானே ஊற்றிக்கொள்ளாமல் இருப்பது, எல்லாமே முகமில்லாமல் புரியும். கண்ணாடியில் எண்ணெய்ப் படலமோ சோப்பின் மிச்சமோ இருந்தால் நுரை அரை நிமிடத்தில் செத்துப்போகும். படத்துக்கான கண்ணாடியைத் தனியாகக் கழுவி, துணியால் துடைக்காமல் கவிழ்த்து வைக்கச் சொல்லுங்கள். பின்னணியில் ஓடும் பாட்டை முன்பே நிறுத்தச் சொல்லிவிட வேண்டும், உரிமம் வாங்கிக் கட்டுப்படியாகாது.

வண்டி ஓட்டுபவர் ஒரு வாய்கூடக் குடிக்கக் கூடாது. ஜப்பானில் 2007 திருத்தத்துக்குப் பிறகு ஓட்டியவர் மட்டுமல்ல, குடித்திருக்கிறார் என்று தெரிந்தே கூட உட்கார்ந்தவரும் ஊற்றிக் கொடுத்தவரும் சிக்குவார்கள். ப்ரூவரை அந்த வம்பில் மாட்டிவிடாதீர்கள். வீட்டில் பீர் காய்ச்சும் ஆர்வலர் யாராவது கிடைத்தாலும் எச்சரிக்கை: உரிமம் இல்லாமல் 1 சதவீதமும் அதற்கு மேலும் ஆல்கஹால் உள்ள எதையும் காய்ச்சுவது அங்கே குற்றம். நீங்கள் எடுக்கும் காட்சி அவருக்கு எதிரான சாட்சி.

மொழிபெயர்ப்பாளர் நல்ல மனிதராக இருப்பதே சில நேரம் இடைஞ்சல். ஜப்பானிய உரையாடலில் கேட்பவர் ‘ஹாய்’, ‘ஏ’, ‘நருஹோதோ’ என்று வாக்கியத்துக்கு நடுவே ஒலி கொடுத்துக்கொண்டே இருப்பார். நாம் ‘ம்… ம்…’ கொட்டுவதைவிட நெருக்கமாக வரும். அவ்வளவும் ப்ரூவரின் குரல்மேல் ஏறி எடிட்டில் வெட்ட முடியாமல் செய்யும். தலையாட்டினால் போதும் என்று முதல் நாளே சொல்லிவிட வேண்டும். பதில் முடிந்தது போலத் தோன்றினாலும் ஐந்து விநாடி பொறுக்க வேண்டும். சொல்ல வந்தது அந்த மௌனத்துக்குப் பிறகுதான் வரும்.

எடிட்டில் தமிழுக்கு ஒரு வசதி இருக்கிறது. ஜப்பானியத்திலும் வினைச்சொல் கடைசியில். ‘இந்தத் தொட்டியைத் தாத்தா காலத்திலிருந்து நாங்கள்…’ என்று நீட்டி, ‘விற்கவில்லை’ என்று முடிப்பது இரண்டிலும் ஒரே வரிசை. ஆங்கிலம் வழியாகப் போனால் ‘இல்லை’ முன்னாலேயே வந்து விழுந்து, ப்ரூவர் தயங்கும் முகத்துக்கு அர்த்தமில்லாமல் போகும். ஜப்பானியத்திலிருந்து நேராகத் தமிழுக்கு வசனவரி எழுதினால் வாக்கியத்தை எங்கே உடைத்தாலும் சஸ்பென்ஸ் தங்கும். மொழிபெயர்ப்புக்குக் கொஞ்சம் செலவு கூடினாலும் இதில் கஞ்சத்தனம் வேண்டாம்.

கணக்கு ஒன்று: விநாடிக்கு 100 மெகாபிட்டில் 4கே எடுத்தால் மணிக்கு 45 ஜிபி. நாளுக்கு 4 மணி நேரம் என்றால் 14 நாளில் 2.5 டிபிக்குக் கொஞ்சம் மேல், இரண்டு பிரதி என்றால் இரட்டிப்பு. ஒரு பிரதியை வேறொரு பையில் வைத்து, அந்தப் பையை வேறொருவர் தூக்கட்டும்.

முதல் வெட்டு தயாரானதும் ப்ரூவரிக்கு அனுப்புவது வழக்கம். அவர்கள் கதையில் கைவைக்கமாட்டார்கள். நிறுத்திப் பார்ப்பது பின்னணியை: சுவரில் இருக்கும் வெள்ளைப் பலகையில் அன்றைய மால்ட் விகிதமும் வெப்பநிலையும் எழுதியிருக்கும், வெள்ளிப் பையின் ஒட்டுச்சீட்டில் ஹாப்ஸ் பெயரும் அறுவடை வருஷமும் தெரியும். முதலாவது அவர்கள் சமையல் குறிப்பு, இரண்டாவது அவர்கள் கொள்முதல் ரகசியம். படமெடுக்கும் அன்று காலையிலேயே பலகையின்மேல் ஒரு துணியைத் தொங்கவிட்டு, பையைத் திருப்பி வைத்துவிட்டால், எடிட் மேசையில் ஃபிரேம் ஃபிரேமாக மங்கலாக்கும் இரண்டு நாள் மிச்சம்.